அளவு வளையம்

அந்த ஆனியில் அரிச்சல்முனை
வடக்கே ஒரு முழம் வளைந்துவிட்டது.
காரணம் அவ்வளவுதான்.

எங்கள் மணலைத் திருடிவிட்டீர்கள் என்றது தென்கடல்.
தானாக வந்தது, வா என்று நாங்களா கூப்பிட்டோம் என்றது வடகடல்.
ஆவணி பிறப்பதற்குள் இரண்டு கரையிலும் கூடாரம்.
எங்களுக்குச் சாத்தையா,
கச்சான் காற்றைக் கயிறாகத் திரிக்கத் தெரிந்தவன்.
அவர்களுக்கு உருமநாச்சி. அவள் தும்மினால்
தொண்டிவரைக்கும் வலை காயாது என்பார்கள்.

நான் நம்புவள்ளி. தென்கடல் படைக்குச் சங்களப்பவள்.

வாளும் வேலும் வேண்டாம் எங்கள் சண்டைக்கு.
பிறந்தபோது அழுத அழுகையை
ஆளுக்கொரு சங்கில் பிடித்து வைத்திருப்போம்.
ஆள் வளரச் சங்கும் வளரும்.
களத்தில் ஊதினால்
அவரவர் வயசுக்குத் தக்க அலை எழும்.
சங்கு உடைந்தால் ஆளும் சரி.

என்னிடம் ஒரு பித்தளை வளையம்.
அதில் விழுந்தால் பிள்ளைச் சங்கு, வீட்டுக்குப் போ.
தங்கினால் பேர் எழுது, வரிசையில் நில்.

முதல் நாள்
திருக்கை வாலைச் சாட்டையாகச் சுழற்றி வந்தார்கள் வடக்கத்தியார்.
சாத்தையா காற்றை முறுக்கி எறிந்தான்.
சொறிமீன்கள் விளக்கு விளக்காய் வானத்தில் ஏறி
முகங்களின் மேல் விழுந்தன.
ஆவுளியாப் படை மட்டும், இரண்டு பக்கத்திலும்,
கடல்தாழையைக் கண்ட இடத்தில் நின்று மேய்ந்தது.
எத்தனை குத்தியும் நகரவில்லை.
அன்றைக்குப் புத்தியோடு இருந்தவை அவைதான்.

பொழுது சாய
உடைசல் பொறுக்கப் போனேன். அதுவும் என் வேலை.
நூற்றுப் பதினேழு.
ஒரு துண்டைக் காதில் வைத்தேன்,
வைத்திருக்கக் கூடாது.
சேராங்கோட்டை ஆரோக்கியத்தின் மகன்.
காலையில் சங்கு தங்கியதும் சிரித்துக்கொண்டே போனவன்
அதற்குள் இன்னும் பாலுக்கு அழுதுகொண்டிருந்தான்.

மயிரிழைதான் தங்கியது அவன் சங்கு.
நானே பார்த்தேன். நானே எழுதினேன்.

ராத்திரி அரம் எடுத்தேன்.
அலை இரைகிறபோது தேய்த்து
அடங்குகிறபோது நிறுத்தினேன்.
பித்தளைத் தூளைக் கஞ்சியில் போட்டுக் குடித்தேன்,
தடம் இருக்கக் கூடாதே.

மறுநாள் முப்பது பேர் வீட்டுக்கு.
அதற்கடுத்த நாள் எண்பது.
மீசை நரைத்த தண்டல் ஒருவருடைய சங்கு
தொபுக்கென்று விழுந்தது.
பேரன் எடுத்தவன் தாயி நான், என்றார்.
சட்டம் சட்டம்தான் அண்ணாச்சி,
வளர்ந்துவிட்டு வாருங்கள், என்றேன்.
ஒரு நிமிஷம் நின்றார்.
பிறகு ஓடிய ஓட்டத்தில் செருப்பை விட்டுவிட்டுப் போனார்.

ஏழாம் நாள் சாத்தையா வந்தான்.
ஆளில்லாத வரிசையைப் பார்த்தான்.
தன் சங்கை நீட்டினான்.
விழுந்தது.
என் உள்ளங்கையைத் திருப்பிப் பார்த்தான்,
ரேகையெல்லாம் மஞ்சள்.
காற்றைத் திரித்தவன், என்னைத் திரிக்க எவ்வளவு நேரம்?
ஆனால் அவன் கேட்டது வேறு.
"அப்போ நானும் போகலாமா?"

எட்டாம் நாள் உருமநாச்சி இரண்டாயிரம் சங்கோடு வந்தாள்.
முனையில் நான் மட்டும் நின்றேன்.
நண்டுகள் இருந்தன.
மணலில் கொடி நட்டாள், ஒரு தும்மல் தும்மினாள், போனாள்.

தோற்றுவிட்டோம். ஆமாம்.
ஐப்பசி வாடையில் அந்த ஒரு முழம்
யாரும் ஊதாமலே தெற்கே திரும்பி வந்தது.
கொடி தண்ணீருக்குள் நின்றது.

இப்போது என் பேர் துரோகி.
வளையத்தைக் கதவில் மாட்டியிருக்கிறேன்.
அன்றைக்கு நான் வீட்டுக்கு அனுப்பிய பையன்கள்
தோள் அகன்று, குரல் உடைந்து,
இருட்டியதும் வந்து கல் எறிகிறார்கள்.
கூரையில் விழுகிற ஒவ்வொன்றையும் எண்ணுகிறேன்,
எண்ணுவது பழகிய வேலை.
நேற்று முப்பத்தொன்று.
இன்று ஒன்று குறைகிறது.
யாருக்குக் காய்ச்சலோ,
படுக்கப் போகாமல் காத்திருக்கிறேன்.